பூட்டுக்குள் ஒடிந்த ஈர்க்குச்சி: பாம்பு விஷம் மூச்சை நிறுத்தும் விதம்

பாம்புக்கடி பற்றிப் பேச்சு வந்தால் கூட்டத்தில் ஒருவராவது "விஷம் தலைக்கு ஏறிடுச்சு" என்று சொல்லாமல் இருக்கமாட்டார். இன்னொருவர் "ரத்தமெல்லாம் விஷமாயிடும்" என்பார். மூன்றாமவருக்கு நீலம் பாரித்த உடம்பு நினைவுக்கு வரும். அது சினிமா தந்தது. எல்லோர் மனதிலும் இருப்பது ஒரே காட்சிதான். விஷம் ஏதோ கறுப்புத் திரவம், கடிவாயில் தொடங்கி மேலே மேலே ஏறிக்கொண்டே போகிறது, தலையைத் தொட்டதும் ஆள் காலி.

ஆனால் கட்டுவிரியன் கடித்தவருக்கு மூச்சு நிற்பது விஷம் தலைக்கு ஏறியதால் இல்லை. அந்த நஞ்சு மூளைக்குள் நுழைவதில்லை என்றே வைத்துக்கொள்ளலாம். அது தேடிப் போகும் இடம் வேறு, கண்ணுக்குத் தெரியாத அளவுக்குச் சின்ன இடம். அங்கே போய் அது என்ன செய்கிறது என்பதைக் கண்டறிந்தவர்களில் முக்கியமானவர் தைவானைச் சேர்ந்த லீ சென் யுவான். அவர் போன வழியிலேயே நாமும் போனால் விஷயம் புரிந்துவிடும்.

## அஞ்சறைப் பெட்டி

முதலில் ஒரு திருத்தம். பாம்பு விஷம் ஒரே பொருள் கிடையாது. சமையலறை அஞ்சறைப் பெட்டியைத் திறந்தால் கடுகு, சீரகம், மிளகு, வெந்தயம் என்று தனித்தனியாக இருக்கிறதல்லவா, அதுபோல ஒரு துளி விஷத்துக்குள் பல பொருள்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் ஒரு வேலை. எந்தப் பெட்டியில் எது அதிகம் என்பது பாம்புக்குப் பாம்பு மாறும்.

இந்தப் பொருள்களில் பெரும்பாலானவை புரதங்கள். புரதம் என்றால் பருப்பிலும் முட்டையிலும் இருப்பதாகச் சொல்வோமே, அந்த வகைப் பொருள்தான்: அமினோ அமிலம் என்ற சின்னச் சின்ன மணிகளைக் கோத்து, மடித்து, ஒரு குறிப்பிட்ட உருவத்துக்குக் கொண்டுவந்த மாலை. உடம்புக்குள் போய்த் தீங்கு செய்யும் புரதத்தை நச்சுப்புரதம் என்று சொல்வோம்.

புரதம் என்பதால் இன்னொன்றும் உண்டு. பதினேழாம் நூற்றாண்டில் இத்தாலியில் பிரான்செஸ்கோ ரெடி என்ற மருத்துவர், விரியன் விஷம் வயிற்றுக்குள் போனால் ஆபத்தில்லை, காயம் வழியாக உடம்புக்குள் போனால்தான் ஆபத்து என்று 1664 இல் எழுதினார். வயிற்றுக்குள் போகும் மற்ற புரதங்களைப் போல இதுவும் செரித்துவிடும். (யாரும் சோதித்துப் பார்க்க வேண்டாம். வாயில் புண் இருந்தால் அதுவே காயம்.) விஷ ஆய்வாளர்களுக்கு உலக அளவில் தரப்படும் பரிசுக்கு இந்த ரெடியின் பெயரைத்தான் வைத்திருக்கிறார்கள். லீக்கு அது 1976 இல் கிடைத்தது.

## முதலில் ரத்தம்

லீ 1915 இல் பிறந்தவர். அப்போது தைவான் ஜப்பானியர் ஆட்சியில் இருந்தது. தைபேயில் மருத்துவம் படித்துவிட்டு, 1940 இல் பேராசிரியர் து சுங் மிங்கிடம் ஆய்வுக்குச் சேர்ந்தார். து சாதாரண ஆள் இல்லை. தைவானியர்களில் முதன்முதலாக மருத்துவ முனைவர் பட்டம் பெற்றவர் அவர்தான், 1922 இல். ஐரோப்பாவில் யார் எதைச் செய்கிறார்களோ அதையே நாமும் செய்வானேன், நம் மண்ணில் இருப்பதை ஆராய்வோம் என்ற போக்கு அவருடையது. அபின், பாம்பு விஷம், நாட்டு மருந்து என்று அவர் எடுத்த தலைப்புகளைப் பார்த்தாலே தெரியும்.

லீக்குக் கிடைத்தது கண்ணாடி விரியனின் தைவான் உறவுப் பாம்பு. அதன் விஷம் விலங்குகளை எப்படிக் கொல்கிறது என்பதுதான் 1945 இல் அவர் முடித்த முனைவர் ஆய்வு. ரத்தக் குழாய்களுக்குள்ளேயே ரத்தம் உறைந்துபோவதுதான் காரணம் என்று காட்டினார்.

இதில் ஒரு முரண் இருப்பதுபோலத் தோன்றும். கண்ணாடி விரியன் கடித்தால் ரத்தம் உறையாமல் கசியும் என்றுதானே நம் ஊரில் சொல்கிறார்கள்? இரண்டும் சரிதான். ரத்தத்தை உறைய வைக்கும் பொருள்கள் உடம்பில் ஓர் அளவுக்குத்தான் இருக்கின்றன. விஷம் அவற்றையெல்லாம் தேவையில்லாத இடத்தில் செலவழித்துத் தீர்த்துவிட்டால், பிறகு நிஜமாகவே காயம் படும்போது உறைவதற்கு ஒன்றும் மிச்சமிருக்காது. ஆஸ்பத்திரியில் கடிபட்டவரின் ரத்தத்தைக் கொஞ்சம் கண்ணாடிக் குழாயில் எடுத்து, 20 நிமிடம் அசைக்காமல் வைத்துவிட்டுச் சாய்த்துப் பார்ப்பார்கள். ரத்தம் தண்ணீர்போல ஓடினால் விஷம் வேலை செய்கிறது என்று அர்த்தம். பெரிய இயந்திரம் எதுவும் வேண்டாம்.

ஆக, "விஷம் ரத்தத்தைக் கெடுக்கும்" என்ற பேச்சு விரியனைப் பொறுத்தவரை பாதி உண்மை. கட்டுவிரியன் கதையே வேறு. பெயரில் விரியன் இருந்தாலும் அது நாகப்பாம்பின் குடும்பம். அதன் விஷம் முக்கியமாகக் குறிவைப்பது நரம்பும் தசையும் சந்திக்கும் இடத்தை.

## கதவும் சாவியும்

கையைத் தூக்க நினைக்கிறீர்கள். மூளையிலிருந்து கட்டளை நரம்பு வழியாக மின்துடிப்பாக ஓடி வருகிறது. ஆனால் நரம்பு தசையோடு ஒட்டிக்கொண்டிருப்பதில்லை. இரண்டுக்கும் நடுவில் ஒரு மெல்லிய இடைவெளி. மின்துடிப்பு அதைத் தாண்டிக் குதிக்காது.

அதனால் கட்டளை இங்கே வடிவம் மாறுகிறது. நரம்பின் நுனியில் சின்னச் சின்னப் பைகளில் அசெட்டைல்கோலின் என்ற வேதிப்பொருள் தயாராக இருக்கிறது. துடிப்பு வந்ததும் பைகள் வெடித்து அது இடைவெளிக்குள் கொட்டுகிறது. எதிரே தசையின் மேல் வரிசையாகப் பூட்டுகள். அசெட்டைல்கோலின்தான் சாவி. சாவி நுழைந்ததும் பூட்டு திறக்கிறது, தசை சுருங்குகிறது. இந்தப் பூட்டுக்கு ஏற்பி என்று பெயர். குறிப்பிட்ட ஒரு வேதிப்பொருளை மட்டும் ஏற்றுக்கொண்டு வேலையைத் தொடங்கிவைக்கும் புரதம் அது.

வேலை முடிந்த சாவியை அங்கேயே விட்டுவைத்தால் தசை ஓயாமல் இழுத்துக்கொண்டே இருக்கும் அல்லவா? அதனால் பயன்படுத்திய சாவிகளை உடனுக்குடன் நொறுக்கிப் போட அங்கேயே ஒரு நொதி இருக்கிறது. கொட்டு, திற, நொறுக்கு. இதெல்லாம் கண்ணிமைக்கும் நேரத்துக்குள் நடந்து முடிகிறது. கண்ணிமைப்பதே இந்த வழியில்தான் நடக்கிறது.

இதுவரை வந்தது இவ்வளவுதான்: நரம்பு சாவியைக் கொட்டுகிறது, தசையில் பூட்டு இருக்கிறது. நாம் மூச்சு விடுவதும் தசையால்தான். நெஞ்சுக்கும் வயிற்றுக்கும் நடுவில் இருக்கும் உதரவிதானம் என்ற தசைத் தட்டு சுருங்கினால்தான் காற்று உள்ளே வரும். அந்தப் பூட்டைக் கெடுத்தால் மூச்சு நின்றுவிடும், மூளையைத் தொடவே வேண்டியதில்லை.

## எலக்ட்ரீஷியன் வேலை

தைவானின் கட்டுவிரியன் உடம்பெல்லாம் கறுப்பு வெள்ளைப் பட்டையாக இருக்கும். அறிவியல் பெயரில் அது பங்காரஸ் என்ற பேரினத்தைச் சேர்ந்தது. நம் ஊர்க் கட்டுவிரியனும் அதே பேரினம். பங்காரஸ் என்ற பெயர் தெலுங்கிலிருந்து போனது. பதினெட்டாம் நூற்றாண்டில் விசாகப்பட்டினத்தில் இருந்துகொண்டு பாம்புகளைப் பற்றி எழுதிய பேட்ரிக் ரஸ்ஸல், பட்டைக் கட்டுவிரியனுக்கு ஊர்க்காரர்கள் சொன்ன பெயரை "பங்காரும் பாமா" என்று காதில் விழுந்தபடி எழுதிவைத்தார். கண்ணாடி விரியனின் ஆங்கிலப் பெயரில் ஒட்டிக்கொண்டிருக்கும் ரஸ்ஸலும் இவரே.

1963 இல் லீயும் அவருடைய சக ஆய்வாளர் சாங் சுவான் சியுங்கும் தைவான் கட்டுவிரியனின் அஞ்சறைப் பெட்டியைப் பிரித்துப் போட்டார்கள். ஈரமான மாவுச்சத்துப் பாளத்தில் விஷத்தை வைத்து மின்சாரம் பாய்ச்சினால், ஒவ்வொரு புரதமும் தன் மின்னேற்றத்துக்கு ஏற்ற வேகத்தில் நகர்ந்து தனித்தனி இடத்தில் நிற்கும். நின்ற ஒவ்வொரு கூட்டத்தையும் எடுத்துச் சோதித்தார்கள். முக்கியமான இரண்டுக்கு ஆல்ஃபா பங்காரோடாக்சின், பீட்டா பங்காரோடாக்சின் என்று பெயர்.

சோதனை எளிமையானது, ஆனால் அபாரமானது. எலியின் உதரவிதானத்தை அதன் நரம்போடு சேர்த்து அறுத்தெடுத்து, வெதுவெதுப்பான உப்புக் கரைசலில் தொங்கவிடுவார்கள். ஆக்சிஜன் குமிழியிட்டுக்கொண்டிருக்கும். எலி உயிரோடு இல்லை, ஆனால் நரம்பைத் தூண்டினால் தசைத் துண்டு துடிக்கும். நல்ல கரைசலில் மணிக்கணக்காகத் துடிக்கும்.

இனி வீட்டில் மின்விசிறி ஓடவில்லை என்று எலக்ட்ரீஷியனைக் கூப்பிட்டால் அவர் செய்வதைத்தான் செய்ய வேண்டும். விசிறி கெட்டதா, ஒயர் கெட்டதா, நடுவில் ரெகுலேட்டர் கெட்டதா?

ஆல்ஃபாவைக் கரைசலில் விட்டதும் நரம்பைத் தூண்டினால் தசை அசையவில்லை. தசையையே நேரடியாக மின்சாரத்தால் தொட்டார்கள், சுருங்கியது. ஆக, விசிறி நன்றாக இருக்கிறது. சாவியைக் கையாலேயே கொண்டுவந்து கொட்டிப் பார்த்தார்கள், அதாவது அசெட்டைல்கோலினைத் தசைமேல் விட்டார்கள். தசை கண்டுகொள்ளவே இல்லை. சாவி இருக்கிறது, பூட்டு திறக்கவில்லை என்றால் கோளாறு பூட்டில்.

பீட்டாவுக்குக் கதை நேர்மாறு. நரம்பைத் தூண்டினால் தசை மெல்லமெல்ல ஓய்ந்து நின்றது. ஆனால் அசெட்டைல்கோலினை வெளியிலிருந்து விட்டால் பளிச்சென்று சுருங்கியது. பூட்டு நன்றாக இருக்கிறது, சாவிதான் வந்து சேரவில்லை. கோளாறு நரம்பு நுனியில்.

ஒரே பாம்பு, ஒரே சந்திப்பு. ஒரு நச்சு இந்தக் கரையிலும் இன்னொன்று அந்தக் கரையிலும் வேலை செய்கிறது. எனக்கு இந்த முழுக்கதையிலும் மிகவும் பிடித்த இடம் இதுதான். கருவி என்று பார்த்தால் ஒரு கண்ணாடித் தொட்டியும் கொஞ்சம் மின்சாரமும்தான்.

## ஈர்க்குச்சி

சின்ன வயதில் யார்மேலாவது கோபம் என்றால் அவர்கள் வீட்டுப் பூட்டில் ஈர்க்குச்சியை ஒடித்துச் செருகிவிட்டு ஓடுவோம். சாவி சரியாக இருக்கும், பூட்டும் சரியாக இருக்கும், ஆனால் சாவி உள்ளே போகாது. ஆல்ஃபா பங்காரோடாக்சின் செய்வது அப்பட்டமாக இதுதான். 74 அமினோ அமிலங்களால் ஆன சின்னப் புரதம் அது, மூன்று விரலை நீட்டியதுபோல மடிந்திருக்கும். அந்த விரல்களில் ஒன்று ஏற்பியில் சாவி நுழையும் இடத்தில் போய் உட்கார்ந்துகொள்கிறது. பூட்டைத் திறப்பதும் இல்லை, உடைப்பதும் இல்லை. சும்மா அடைத்துக்கொண்டு இருக்கிறது.

அதே இடத்தை அடைக்கும் பொருள் ஒன்று முன்பே தெரியும். தென் அமெரிக்கப் பழங்குடியினர் அம்பு நுனியில் தடவும் கியூராரே. ஆனால் அதைக் கழுவினால் போய்விடும், தசை மறுபடி துடிக்கும். ஆல்ஃபா கழுவினாலும் போவதில்லை. ஒடிந்த குச்சியைப் போல உள்ளேயே நிற்கும்.

சரி, ஆல்ஃபாவும் அதே துவாரத்தைத்தான் அடைக்கிறது என்று எப்படி உறுதியாகச் சொல்வது? முதலில் கியூராரேயின் சாறான டியூபோகியூராரினைப் போட்டுவைத்து, பிறகு ஆல்ஃபாவை விட்டு, அப்புறம் இரண்டையும் கழுவினால் தசை பெரும்பாலும் பிழைத்துக்கொண்டது. துவாரத்தில் ஏற்கெனவே ஆள் உட்கார்ந்திருந்ததால் குச்சிக்கு இடமில்லை.

சுருக்கமாக: ஆல்ஃபா பூட்டை அடைக்கிறது, பீட்டா சாவி வரும் வழியைக் கெடுக்கிறது. எது நடந்தாலும் தசை தொய்ந்துபோகும்.

## ஒட்டிக்கொண்டு விடாத குணம்

கொல்லும் குணமே கருவியாக மாறியது இதற்குப் பிறகுதான். ஏற்பி என்று ஒன்று இருக்கத்தான் வேண்டும் என்று அரை நூற்றாண்டுக்கு மேலாகவே பேசிக்கொண்டிருந்தார்கள். ஆனால் அதைக் கையில் எடுத்துக் காட்டியவர் யாருமில்லை. தசையில் ஆயிரக்கணக்கான புரதங்கள். அதில் எது பூட்டு?

பாரிஸில் பாஸ்டர் நிறுவனத்தில் ழான் பியர் ஷாஞ்சே இந்தத் தேடலில் இருந்தார். அவர் எடுத்துக்கொண்டது தென் அமெரிக்க ஆறுகளில் வாழும் மின்விலாங்கு. அதன் மின் உறுப்பு உண்மையில் மாறிப்போன தசை; ஏற்பிகள் அதில் நெருக்கமாக நிறைந்திருக்கும். அங்கே ஆல்ஃபா பங்காரோடாக்சினை விட்டால், அது எந்தப் புரதத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்கிறதோ அதுதான் பூட்டு. ஷாஞ்சே, கசாய், லீ ஆகிய மூவர் பெயரிலும் 1970 இல் அந்தக் கட்டுரை வெளியானது. கிணற்றில் விழுந்த வாளியைப் பாதாளக் கரண்டி போட்டு எடுப்பதுபோல, பாம்பு விஷத்தைப் போட்டு ஏற்பியைப் பிடித்தார்கள். நரம்புச் செய்தி ஒன்றை வாங்கும் ஏற்பி இப்படிப் பிடிபட்டது அதுதான் முதல் முறை.

மூன்றே வருடத்தில் அது நோயாளியின் படுக்கை வரை வந்துவிட்டது. மயஸ்தீனியா கிரேவிஸ் என்று ஒரு நோய். காலையில் சரியாக இருப்பவருக்குச் சாயங்காலம் இமை தொங்கும், சாப்பாட்டை மென்றுகொண்டிருக்கும்போதே வாய் சோரும், படி ஏற முடியாது. 1973 இல் பால்டிமோரில் ஃபாம்பரோ, டிராக்மேன், சத்யமூர்த்தி ஆகியோர் கதிரியக்க அயோடின் சேர்த்த ஆல்ஃபா பங்காரோடாக்சினை இந்த நோயாளிகளின் தசைத் துணுக்கில் விட்டு, எத்தனை ஒட்டிக்கொள்கிறது என்று எண்ணினார்கள். மற்றவர்களைவிட மிகக் குறைவு. நரம்பு சாவியைக் கொட்டத்தான் செய்கிறது. பூட்டுகளின் எண்ணிக்கைதான் குறைந்துபோயிருக்கிறது. பூட்டுகளை உடம்பின் எதிர்ப்பு சக்தியே அழிக்கிறது என்பதும் அந்தக் காலத்தில்தான் தெளிவானது.

## கீரியின் பச்சிலை

பாம்போடு சண்டை போட்ட கீரி ஒரு பச்சிலையில் புரண்டு விஷத்தை இறக்கிக்கொள்ளும் என்பார்கள். எந்தப் பச்சிலை என்று கேட்டால் பதில் வராது. உண்மையில் கீரிக்குப் பூட்டே வேறு. 1992 இல் இஸ்ரேலின் வைஸ்மன் நிறுவனத்தில் சாரா ஃபுக்ஸ் குழுவினர் கீரியின் ஏற்பியை ஆராய்ந்தார்கள். நச்சு ஒட்டும் இடத்தில் சில அமினோ அமிலங்கள் மாறியிருந்தன. அசெட்டைல்கோலின் நுழைகிறது, ஈர்க்குச்சி நுழைவதில்லை. பாம்பின் ஏற்பியிலும் இதுபோன்ற மாற்றம் உண்டு. இல்லாவிட்டால் அது நாக்கைக் கடித்துக்கொண்டாலே கஷ்டம்தான்.

## எழுபத்தைந்து வயதில்

லீ பிறகு தேசிய தைவான் பல்கலைக்கழக மருத்துவக் கல்லூரியின் முதல்வராக இருந்தார், பன்னாட்டு விஷ ஆய்வாளர் சங்கத்துக்குத் தலைவரானார். இதெல்லாம் எதிர்பார்க்கக்கூடியதுதான். எதிர்பாராதது 1991 இல் நடந்தது. தைவான் குற்றவியல் சட்டத்தின் நூறாவது பிரிவு, வெறும் பேச்சையும் எழுத்தையும்கூட தேசத்துரோகமாக்க இடம்கொடுத்தது. அதை நீக்கக் கோரி அக்டோபரில், 75 வயதில், தர்ணாவில் உட்கார்ந்தார். 1950 இல் அவருடைய மருத்துவ நண்பர் சு சியாங்கை அரசு சுட்டுக்கொன்றிருந்தது. அப்போது வாய்மூடி இருந்தோமே என்ற உறுத்தல் நாற்பது வருடம் அவரிடம் இருந்தது. 1992 இல் அந்தப் பிரிவு திருத்தப்பட்டது. 2001 இல் லீ காலமானார்.

## நம் ஊர்க் கட்டுவிரியன்

இனி ஆல்ஃபாவையும் பீட்டாவையும் வைத்துக்கொண்டு நம் பக்கம் வருவோம். கட்டுவிரியன் பெரும்பாலும் ராத்திரியில், தரையில் பாய் விரித்துத் தூங்குபவரைக் கடிக்கும். பல் சின்னது. வீக்கம் இருக்காது, வலியும் அநேகமாக இருக்காது. சிலருக்குக் கடிபட்டதே தெரியாது. வயிற்று வலி என்று எழுந்திருப்பார், வாந்தி எடுப்பார். விடியும்போது இமை தொங்கும், பேச்சு குழறும். "நேற்று சாப்பிட்டது ஒத்துக்கொள்ளவில்லை" என்று வீட்டில் கஷாயம் வைத்துக்கொண்டிருப்பார்கள். உள்ளே பூட்டுகள் ஒவ்வொன்றாக அடைபட்டுக்கொண்டிருக்கும்.

கயிறு கட்டுவது, கீறுவது, வாயால் உறிஞ்சுவது எதுவும் உதவாது. அவரை நடக்கவிடாமல், கடிபட்ட கை காலை அசைக்காமல் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவது ஒன்றுதான் வழி. விஷமுறிவு மருந்தை குதிரைகளின் ரத்தத்திலிருந்து எடுக்கிறார்கள். சிறு சிறு அளவில் விஷத்தைச் செலுத்தினால் குதிரையின் உடம்பு அதற்கு எதிர்ப்புப் பொருள் தயாரிக்கும். அந்த விஷத்தைச் சேகரித்துத் தருவதில் பெயர்பெற்றது, சென்னைக்குத் தெற்கே வடநெம்மேலியில் இருக்கும் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம். 1978 முதல் இயங்குகிறது.

இந்த மருந்து என்ன செய்யும், என்ன செய்யாது என்பது இப்போது உங்களுக்கே புரியும். ரத்தத்தில் அலைந்துகொண்டிருக்கும் நச்சுப்புரதத்தை அது பிடித்துக்கொள்ளும். அதனால்தான் எவ்வளவு சீக்கிரமோ அவ்வளவு நல்லது. ஏற்கெனவே பூட்டுக்குள் இறங்கிவிட்ட குச்சியை உருவுவது அதற்கு எளிதல்ல. பீட்டா சிதைத்துவிட்ட நரம்பு நுனியைச் சரிசெய்யவும் அதனால் முடியாது.

நாகப்பாம்புக் கடியில் டாக்டர்கள் நியோஸ்டிக்மின் என்ற ஊசி போட்டுப் பார்ப்பார்கள். சாவியை நொறுக்கும் நொதியை அது தடுக்கும். சாவிகள் குவிந்து, அடைபட்டவை போக மிச்சமுள்ள பூட்டுகளைத் திறக்கப் போட்டிபோடும். நாகத்தின் நச்சு முக்கியமாகப் பூட்டுப் பக்கம் என்பதால் பலருக்கு இமை சட்டென்று தூக்கும். கட்டுவிரியனில் பெரும்பாலும் பலிக்காது. சாவி கொட்டும் நுனியே கெட்டிருக்கும்போது நொறுக்குவதைத் தடுத்து என்ன பயன்?

அப்போது மிஞ்சுவது வென்டிலேட்டர். இயந்திரம் மூச்சு விட்டுக்கொண்டிருக்க, கெட்ட நரம்பு நுனிகள் மறுபடி தளிர்க்க வேண்டும். சிலருக்குச் சில நாள், சிலருக்குச் சில வாரம். அதுவரை அவருக்குக் கண் திறக்காது, விரல் அசையாது, டார்ச் அடித்தால் கண்மணி சுருங்காமலும் இருக்கலாம். பார்ப்பவருக்கு மூளை செத்துவிட்டதுபோலவே தெரியும். ஆனால் இந்த நஞ்சு மூளைக்குள் போகவில்லை. காது கேட்கும், நினைவும் இருக்கலாம். அதனால் கட்டுவிரியன் கடித்தவரின் படுக்கை அருகே நின்றுகொண்டு "இனி எங்கே பிழைக்கப்போறார்" என்று பேசாதீர்கள். அவர் கேட்டுக்கொண்டுதான் படுத்திருப்பார்.